பழியும் சாட்சியும்: பெஞ்சமின் கிறிஸ்டென்சனின் கலைவாழ்வு ஒரு மதிப்பீடு

திரைப்படத்தைப் பற்றி நம் இல்லங்களில் இருவேறு கருத்துகள் நெடுங்காலமாக நிலவி வருகின்றன. அது பார்க்கவே தகாதது என்று ஒதுக்கி வைப்போர் ஒரு சாரார். பொழுதுபோக்க வந்த ஒன்றைப் பற்றி ஆராய்ச்சி எதற்கு என்று கேட்போர் மற்றொரு சாரார். இவ்விரு சாராரும் ஒரு செய்தியில் ஒன்றுபட்டு விடுகின்றனர். திரைப்படத்தை நூலைப் போல வைத்து எடைபோட வேண்டியதில்லை என்பதே அது. நாம் இதற்கு உடன்படவில்லை. மனிதன் மனிதனைப் பற்றிச் சொல்லும் எதுவும், அது ஏட்டில் எழுதப்பட்டாலும் திரையில் காட்டப்பட்டாலும், உரைகல்லில் உரைத்துப் பார்க்கப்பட வேண்டியதே. பழி சுமத்தப்பட்ட மனிதன் என்னும் ஒரே பொருளைத் தன் சிறந்த ஆண்டுகள் முழுவதும் சுமந்து திரிந்த ஒரு கலைஞரை இன்று நாம் ஆராய எடுத்துக் கொள்கிறோம். அவர் டென்மார்க் நாட்டவர். ஊமைப்படக் காலத்தின் நடிகர், கதையாசிரியர், இயக்குநர். பெயர் பெஞ்சமின் கிறிஸ்டென்சன்.

டென்மார்க் சிறிய நாடு. ஆயினும் முதல் உலகப் போருக்கு முற்பட்ட சில ஆண்டுகளில் அதன் படங்கள் ஐரோப்பா எங்கும் ஓடின; அமெரிக்காவையும் எட்டின. 1906இல் ஓலே ஓல்சன் கோபன்ஹேகனில் தொடங்கிய நோர்டிஸ்க் நிறுவனம், பனிக்கரடியைச் சின்னமாகக் கொண்டு, உலகின் முதன்மையான படக் கம்பெனிகளுள் ஒன்றாக வளர்ந்தது. 1910இல் வெளிவந்த ‘படுகுழி’ என்னும் படத்தால் அஸ்தா நீல்சன் என்னும் நடிகை உலகப் புகழ் எய்தினார். வால்டெமர் சிலாண்டர் என்னும் நடிகரின் புகழ் ஜெர்மனியிலும் ரஷ்யாவிலும் ஓங்கி நின்றது. அன்று திரையில் பேச்சு இல்லை. ஆகவே மொழித் தடையும் இல்லை. டேனிஷ் மொழியில் எழுதிய அட்டைகளை நீக்கிவிட்டு வேற்றுமொழி அட்டைகளை இடையில் சேர்த்தால் படம் எந்த நாட்டுக்கும் உரியதாகிவிடும். போர் வந்து வழிகள் அடைபட்ட பின்னரே இந்தச் செல்வாக்கு சரிந்தது.

இந்தக் காலத்தில் எழுந்தவர் கிறிஸ்டென்சன். ஆனால் அவர் அந்தக் கூட்டத்தோடு சேர்ந்து நடந்தவர் அல்லர். நோர்டிஸ்க் நிறுவனம் வாரந்தோறும் படங்களை வார்த்துத் தள்ளிக் கொண்டிருந்த நாட்களில், அவர் ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடையே ஆண்டுகளைச் செலவிட்டார். 1914, 1916, 1922 ஆகிய ஆண்டுகளில் வெளிவந்த மூன்று படங்களே அவர் பெயரை நிலைநிறுத்தியவை. மூன்றிலும் அவரே இயக்கினார். மூன்றிலும் அவரே நடித்தார். முதல் படத்தின் கதை மற்றொருவர் பெயரில் இருப்பினும், அதனைத் திரைக்கு வகுத்த கை அவருடையதே. பின்னிரண்டும் முழுவதும் அவர் எழுத்து.

குரலை இழந்தவர்

1879ஆம் ஆண்டு செப்டம்பர் 28ஆம் நாள் டென்மார்க்கின் வீபோர் நகரில் பிறந்தார் கிறிஸ்டென்சன். முதலில் மருத்துவம் பயின்றார். பின்னர் அதனை விடுத்து இசை நாடகப் பாடகராகப் பயிற்சி பெற்றார். அரங்கேறிய சிறிது காலத்திலேயே நரம்புக் கோளாற்றினால் அவர் குரல் கெட்டது. பாட முடியாத பாடகர் நாடக நடிகரானார். நாடகத்தையும் விட்டுச் சிலகாலம் மது வணிகத்தில் ஈடுபட்டார். இதன் பின்னரே திரைப்படம் அவரை அழைத்தது. 1911, 1912ஆம் ஆண்டுகளையொட்டி நடிக்கத் தொடங்கினார். 1913இல் ‘டான்ஸ்க் பியோகிராப் கொம்பனி’ என்னும் சிறு நிறுவனம் அவர் பொறுப்பில் வந்தது.

இந்த வரலாற்றை நாம் எடுத்துரைப்பதற்குக் காரணம் உண்டு. குரலை நம்பி வாழ எண்ணியவர், குரல் இல்லாத கலைக்கு வந்து சேர்ந்தார். பெரும்பாலான நாடக நடிகர்கள் ஊமைப்படத்தில் கைகளை வீசியும் கண்களை உருட்டியும் பேச்சின் குறையை ஈடுசெய்ய முயன்றனர். கிறிஸ்டென்சன் அவ்வாறு செய்யவில்லை. பேச முடியாமை என்பது என்ன என்பதை அவர் அறிந்திருந்தார். பேச வேண்டிய இடத்தில் பேச முடியாமல் நிற்கும் மனிதனே அவருடைய முதற் கதாநாயகன்.

வாய் திறவாத குற்றவாளி

‘மர்மமான எக்ஸ்’ என்னும் படம் 1914ஆம் ஆண்டு மார்ச் மாதம் திரையிடப்பட்டது; உலகப் போர் மூள்வதற்கு நான்கு மாதங்களே இருந்தன. கடற்படை அதிகாரி ஒருவரிடம் முத்திரையிட்ட இரகசிய ஆணை ஒப்படைக்கப்படுகிறது. அவர் மனைவியை வளைய வரும் கோமான் ஒருவன் உண்மையில் பகைநாட்டு ஒற்றன். ஆணையின் செய்தி கசிந்து விடுகிறது. பழி அதிகாரியின் மேல் விழுகிறது. இராணுவ நீதிமன்றத்தில் அவர் தம்மைக் காத்துக்கொள்ள வாய் திறக்கவில்லை. திறந்தால் மனைவியின் மானம் போய்விடும் என்று அஞ்சுகிறார். துரோகி என்று தீர்க்கப்பட்டு மரண தண்டனைக்குக் காத்திருக்கிறார்.

கதையைக் கேட்கும்போது வழக்கமான துப்பறியும் கதை போலவே தோன்றும். தோன்றுவதில் பிழையும் இல்லை. காற்றாலையின் நிலவறை, அதனுள் சிக்கிக்கொள்ளும் ஒற்றன், தூது செல்லும் புறா என்று அக்காலப் படங்களுக்குரிய சரக்கெல்லாம் இதிலும் உண்டு. ஆயினும் இப்படத்தை நூறாண்டு கடந்தும் பார்க்க வைப்பது ஒளியும் இருளும்தாம். இருண்ட அறையின் கதவு திறக்கும்போது வெளியிலிருந்து ஒரு பட்டை வெளிச்சம் உள்ளே விழுகிறது. அதில் மனிதன் கருநிழலாக நிற்கிறான். அவன் முகம் நமக்குத் தெரியவில்லை. அவன் நல்லவனா தீயவனா என்பதைக் காண்போர் தாமே முடிவு செய்ய முடியாதபடி கிறிஸ்டென்சன் செய்துவிடுகிறார். ஒருவரைப் பற்றி நாம் அறிந்தது எவ்வளவு, ஊகித்தது எவ்வளவு என்ற வினாவை எழுத்தில் எழுப்புவது எளிது. விளக்கை வைத்து எழுப்பியிருக்கிறார் இவர்.

நடிப்பிலும் அவர் சிக்கனமானவர். தண்டனை கேட்ட அதிகாரி அலறவில்லை. நெஞ்சில் அடித்துக் கொள்ளவில்லை. உடல் மட்டும் சற்றே தளர்கிறது. ஆனால் ஒரு குறையையும் நாம் சொல்லியாக வேண்டும். இப்படத்தில் மனைவியின் பாத்திரம் உயிர்பெறவில்லை. அவள் மானத்துக்காகக் கணவன் உயிரைத் தர முன்வருகிறான். அவளுடைய உள்ளத்தையோ படம் மேலோட்டமாகவே பார்க்கிறது. பழி சுமக்கும் பெண்ணின் பக்கம் இக்கலைஞர் திரும்புவதற்கு இன்னும் எட்டு ஆண்டுகள் ஆயின.

பதினான்கு ஆண்டுகள்

இரண்டாம் படமான ‘பழிவாங்கும் இரவு’ 1916இல் வந்தது. சர்க்கஸ் பலசாலி ஒருவன், தான் செய்யாத கொலைக்காகத் தேடப்படுகிறான். புத்தாண்டு இரவில், கைக்குழந்தையோடு ஒரு மாளிகைக்குள் நுழைந்து அங்குள்ள இளம்பெண்ணிடம் அடைக்கலம் கேட்கிறான். காட்டிக் கொடுப்பதில்லை என்று அவள் வாக்களிக்கிறாள். ஆயினும் அவன் பிடிபடுகிறான். அவளே காட்டிக் கொடுத்துவிட்டாள் என்று நம்பி, பழி வாங்குவேன் என்று சூளுரைத்தபடியே சிறைக்குச் செல்கிறான். பதினான்கு ஆண்டுகள் கழித்து வெளியே வருகிறான்.

இந்த இடத்தில் நடிகர் கிறிஸ்டென்சனின் திறமை உச்சத்தை எட்டுகிறது. சிறைக்குப் போனவன் நிமிர்ந்த தோளும் அகன்ற மார்பும் உடையவன். வெளியே வருபவனோ கூனிக் குறுகி, தரையைப் பார்த்தே நடக்கும் கிழவன். ஒப்பனையால் மட்டும் ஆகக்கூடிய மாற்றம் அன்று இது. கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்கும் நிலை, யாரேனும் அருகில் வந்தால் உடல் தானாகவே ஒடுங்கும் வகை, இவற்றையெல்லாம் கூர்ந்து கண்டிருந்தாலன்றி இவ்வாறு நடிக்க இயலாது. மனிதனிடமிருந்து சிறை எதைப் பறிக்கிறது என்பதை விரிவுரைகள் சொல்வதைக் காட்டிலும் அந்த நடை தெளிவாகச் சொல்கிறது.

கதையமைப்பில் வேறொரு நுட்பமும் உண்டு. அவன் மீது உலகம் சுமத்தியது பொய்ப்பழி. அவனோ அந்தப் பெண்ணின் மீது ஒரு பழியைத் தன் நெஞ்சில் சுமத்திக்கொண்டு பதினான்கு ஆண்டுகள் வாழ்கிறான். அநீதிக்கு ஆளானவனே, சாட்சியைத் தேடாமல், மற்றொருவர் மீது தீர்ப்பெழுதி விடுகிறான். அநீதியின் கொடுமை அது தரும் துன்பத்தோடு முடிந்து விடுவதில்லை. துன்பப்பட்டவனையும் தன்னைப் போலாக்கிவிட முயல்கிறது. இதனைக் கண்டறிந்து சொன்னதால், இப்படத்தை முதற் படத்தினும் மேலானதாக நாம் கருதுகிறோம்.

படத்தின் தொடக்கமும் குறிப்பிடத்தக்கது. கதை தொடங்குமுன், கிறிஸ்டென்சனும் கதாநாயகியாக நடிக்கும் கரேன் காஸ்பர்சனும் தாமாகவே திரையில் தோன்றுகின்றனர். கதை நிகழும் மாளிகையின் சிறிய மாதிரி ஒன்றை அவர் நடிகைக்குக் காட்டுகிறார். இது கட்டப்பட்ட கதை என்று முதலிலேயே ஒப்புக்கொண்டு, அதன் பின்னும் நம் உள்ளத்தைக் கவர்ந்து விடும் துணிவு அவருக்கு இருந்தது. பொய்யை மெய்யென்று காட்டி மயக்குவது கலை என்று எண்ணுவோர் இத்தொடக்கத்தைச் சிந்திக்க வேண்டும்.

சூனியக்காரிகளின் கதை

இனி மூன்றாம் படம். பெர்லின் புத்தகக் கடை ஒன்றில் பழைய நூலொன்று கிறிஸ்டென்சன் கண்ணிற்பட்டது. சூனியக்காரிகளைக் கண்டுபிடித்துத் தண்டிப்பது எப்படி என்று விசாரணையாளர்களுக்குக் கற்பிப்பதற்காக, 15ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஹைன்ரிக் கிராமர் என்னும் ஜெர்மானியத் துறவி எழுதிய நூல் அது. அந்நூலும் அதைப் போன்ற பிறவும் அவரைப் பல ஆண்டுகள் பற்றிக்கொண்டன. ஸ்வீடன் நாட்டின் ‘ஸ்வென்ஸ்க் பில்மிண்டுஸ்ட்ரி’ நிறுவனம் பொருள் தந்தது. கோபன்ஹேகனை அடுத்த ஹெல்லரூப்பில் ஸ்டூடியோ ஒன்று படத்துக்காகவே சீரமைக்கப்பட்டது. இரண்டாம் படத்துக்கு ஒளிப்பதிவு செய்த ஜோஹன் ஆன்கர்ஸ்டியர்னேயே இதற்கும் காமிராவைக் கையாண்டார். 1922 செப்டம்பர் 18ஆம் நாள் ஸ்டாக்ஹோமில் ‘ஹெக்சன்’, அதாவது ‘சூனியக்காரி’, திரைக்கு வந்தது. ஸ்காண்டிநேவிய நாடுகளில் அதுவரை எடுக்கப்பட்ட படங்களிலெல்லாம் மிகுந்த செலவில் உருவானது அதுவே. பல நாடுகளில் தணிக்கைக்கும் தடைக்கும் ஆளானதும் அதுவே.

ஏழு பகுதிகளாக அமைந்த இப்படம் கதையுமன்று, வெறும் செய்திப்படமுமன்று. முதற்பகுதி ஒரு விரிவுரை. பழங்காலச் சித்திரங்கள் காட்டப்பட, ஒரு குச்சி அவற்றைச் சுட்டுகிறது. திரையில் தோன்றும் எழுத்துகள் ‘நான்’ என்று தன்மையிலேயே பேசுகின்றன. எழுத்தாளர் கிறிஸ்டென்சன் தம்மையே ஒரு விரிவுரையாளராக எழுதிக்கொண்டார். பின்வரும் பகுதிகளில் அந்தச் சித்திரங்கள் உயிர்பெற்று எழுகின்றன.

படத்தின் நெஞ்சம் என்று சொல்லத்தக்கது அச்சுக்கலைஞன் ஒருவனின் குடும்பக் கதை. ஜெஸ்பர் என்னும் அவன் நோயுற்றுக் கிடக்கிறான். நோய்க்குக் காரணம் தெரியவில்லை. காரணம் தெரியாதபோது காரணகர்த்தாவைத் தேடுவது மனித இயல்பு. பிச்சை கேட்டு வீட்டுக்கு வந்த மரியா என்னும் ஏழை நெசவுக்காரக் கிழவி மீது ஐயம் விழுகிறது. நோயாளியின் இளம் மனைவி ஆன்னா, விசாரணைத் துறவிகளிடம் ஓடி முறையிடுகிறாள். கிழவியை இழுத்து வருகின்றனர். வதைக்கின்றனர். வதை தாளாமல் அவர்கள் கேட்க விரும்பியதையெல்லாம் அவள் சொல்கிறாள். ஷைத்தானோடு உறவு கொண்டதாகவும் நள்ளிரவு விருந்துக்குப் பறந்து சென்றதாகவும் ஒப்புக்கொள்கிறாள். உடன் வந்தவர் யார் என்ற வினா எழும்போது, அதே வீட்டுப் பெண்களின் பெயர்களையே சொல்கிறாள். இறுதியில் முறையிட்ட ஆன்னாவே பிடிபடுகிறாள். அவள் பதற்றத்தில் கையைப் பற்றிய இளந்துறவி, தன் மனத்தில் எழுந்த ஆசைக்கு அவள் மாயமே காரணம் என்று கூறிவிடுகிறான்.

ஆன்னாவை ஒப்புக்கொள்ள வைக்கும் காட்சி, படத்திலேயே மிகவும் அச்சந் தருவது என்பது நம் கருத்து. அங்கே வதைக் கருவி எதுவும் இல்லை. கனிவாகப் பேசுகின்றனர். அவளுடைய பச்சிளங் குழந்தையைக் காட்டுகின்றனர். தண்ணீரைக் கொண்டு இடி வரவழைக்கும் வித்தையைக் காட்டிக் கொடுத்தால் விடுதலை தருவோம் என்கின்றனர். குழந்தைக்காக அவள் ஏதோ செய்து காட்ட முயல்கிறாள். அதுவே ஒப்புதல் வாக்குமூலமாகி விடுகிறது. தீக்கு அனுப்பப்படுகிறாள்.

இக்கதையில் தொடக்கத்தில் தீயவர் என்று எவரும் இல்லை என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். கணவன் மீது அன்புள்ள மனைவிதான் முதற்பழியைச் சுமத்துகிறாள். ஒரு வாய்ச்சொல் புறப்பட்டு, ஒரு வீட்டை முழுவதும் விழுங்கிவிட்டுத் திரும்பி வருகிறது. தக்க சாட்சியின்றி விடப்பட்ட சொல்லுக்கு எல்லை கிடையாது.

நம் மார்க்கத்தின் ஒளியில்

மேலைநாட்டுக் கிறிஸ்தவ சமயத்தின் பழைய கறை ஒன்றைப் பற்றிய படம் நமக்கு எதற்கு என்று சிலர் கேட்கக்கூடும். அண்டை வீட்டாரின் பழங்குறையைச் சுட்டி நம்மை உயர்த்திக் கொள்வதற்காக நாம் இதனை எழுதவில்லை. அத்தகைய மகிழ்ச்சி மலிவானது.

பெண்ணின் கற்பைப் பற்றிப் பழி சொல்பவன் நான்கு சாட்சிகளைக் கொண்டு வராவிடில் அவனுக்கே எண்பது கசையடி என்றும், அதன்பின் அவன் சாட்சியம் ஏற்கப்படாது என்றும் சூரத்துந் நூர் விதித்திருப்பதை நம் இல்லங்களில் பெண்மக்களும் அறிவர். அதே அத்தியாயத்தோடு தொடர்புடைய வரலாற்றையும் அறிவர். நம் அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் மீதே அவதூறு பேசப்பட்டது. பேசியவர்களுள் நயவஞ்சகர் இருந்தனர். கேட்டதைத் திருப்பிச் சொன்ன நம்பிக்கையாளர் சிலரும் இருந்தனர். இறைவசனம் இறங்கி அன்னையாரின் தூய்மையை அறிவிக்கும் வரை ஒரு திங்கள் காலம் அவர்கள் பட்ட துயரை நினைத்தால் இன்றும் உள்ளம் நடுங்கும். வற்புறுத்தி வாங்கும் ஒப்புதல் செல்லாது என்பதும் நம் ஃபிக்ஹு அறிஞர் பெரும்பாலோரின் முடிவு. மரியாவின் வாக்குமூலமும் ஆன்னாவின் ஒப்புதலும் இந்த அளவுகோலின் முன் ஒரு கணமும் நில்லா. நம்மிடம் அளவுகோல் உண்டு என்பது பெருமைப்படத் தக்கதுதான். அதனை நாம் எடுத்து அளக்கிறோமா என்பது வேறு வினா.

குறைகள்

இத்தனை சிறப்பும் உடைய படத்தில் மூன்று குறைகளை நாம் காண்கிறோம்.

முதலாவது, எண்ணிக்கை. எண்பது இலட்சத்துக்கும் மேற்பட்டோர் சூனியக்காரர் என்று எரிக்கப்பட்டதாகப் படம் கூறுகிறது. அன்று பரவலாக நம்பப்பட்ட கணக்கு அது. இன்றைய வரலாற்றாசிரியர்கள் நீதிமன்ற ஏடுகளை ஆராய்ந்து, ஏறத்தாழ 40,000 முதல் 60,000 பேர் என்று மதிப்பிடுகின்றனர். எண்ணிக்கை குறைந்ததால் கொடுமை குறைந்துவிடாது. ஓர் உயிரின் மதிப்பை நம் திருமறை எங்கே வைத்திருக்கிறது என்பது இவ்விதழின் வாசகர்கள் அறியாததன்று. ஆயினும் பொய்ச்சாட்சியைக் கண்டிக்க வந்த படம், தன் சாட்சியத்தில் மிகுந்த கவனம் செலுத்தியிருக்க வேண்டும்.

இரண்டாவது, ஷைத்தானைக் காட்டிய முறை. கிறிஸ்டென்சனே ஷைத்தானாக நடித்தார். கொம்பும் நீண்ட நகங்களும் பூண்டு, நாக்கைத் துழாவி, சன்னலுக்கு வெளியே திடீரென்று எழுந்து நிற்கிறார். நடிப்பில் குறையில்லை, ஒருமுறை பார்த்தவர் மறக்க முடியாது. ஆனால் மறக்க முடியாமைதான் குறை. அறியாமையைச் சாட வந்த படம், அந்த அறியாமை கண்ட கனவுகளைச் சுவைத்துச் சுவைத்துக் காட்டுகிறது. நள்ளிரவு விருந்துக் காட்சிகளில் ஆபாசமும் உண்டு. குடும்பத்தோடு அமர்ந்து பார்க்கத் தக்கவை அல்ல. ஷைத்தானுக்கு மனிதர் மீது வற்புறுத்தும் அதிகாரம் இல்லை. அவன் செய்வதெல்லாம் உள்ளத்தில் ஊதுவதும் அழைப்பதுமே என்பது நம் கொள்கை. அந்த நோக்கில் பார்த்தால், இப்படத்தில் அவன் உண்மையாக இருக்கும் இடம் கொம்பு தெரியும் காட்சிகள் அல்ல. ஆன்னாவிடம் கனிவாகப் பேசும் துறவியின் குரலில் இருக்கிறான். கார்ல் டிரையர் என்னும் மற்றொரு டேனிஷ் இயக்குநர் கிறிஸ்டென்சனைப் பெரிதும் மதித்தவர். அவர் 1943இல், தம் நாடு ஜெர்மானியர் பிடியில் இருந்தபோது, சூனியக்காரி என்று எரிக்கப்படும் மூதாட்டியைக் கொண்டு ‘சினத்தின் நாள்’ என்னும் படத்தை எடுத்தார். அதில் ஷைத்தான் ஓரிடத்திலும் உருவெடுத்து வருவதில்லை. அவனைப் பற்றிய அச்சம் அதில்தான் மிகுதி.

இக்குறையோடு சேர்த்து எண்ண வேண்டியது இன்னொரு காட்சி. விரல் நசுக்கும் கருவியைக் காட்டும்போது, தம் நடிகை ஒருவர் அதனைத் தாமே அணிந்து பார்க்க விரும்பியதாகவும், ஒரு நிமிடத்துக்குள் அவரிடமிருந்து வாங்கிய ஒப்புதல்களை வெளியிடப் போவதில்லை என்றும் விரிவுரையாளர் வேடிக்கையாகக் கூறுகிறார். நடிகை சிரிக்கிறார். நமக்கும் சிரிப்பு வருகிறது. உடனே அது நெஞ்சில் முள்ளாகிறது. வேடிக்கை தகாது என்போரும் உண்டு. நாம் அவர்களோடு சேரவில்லை. ஒரு நிமிடம் போதும் என்ற உண்மையை அந்தச் சிரிப்பினும் கூர்மையாகச் சொல்ல வழியில்லை.

மூன்றாவது குறையே பெரிது. ஏழாம் பகுதியில் படம் நிகழ்காலத்துக்கு வந்துவிடுகிறது. தூக்கத்தில் நடப்பவள், கணவனைப் போரில் இழந்து கடையில் மோதிரம் திருடுபவள் முதலிய பெண்களைக் காட்டி, அன்று சூனியக்காரி என்று எரிக்கப்பட்டவர்கள் இன்று ‘ஹிஸ்டீரியா’ என்னும் நரம்பு நோயாளிகள் என்று வாதிடுகிறது. மருத்துவம் பயின்றவரின் நல்லெண்ணம் இதில் தெரிகிறது. ஆனால் அவருடைய கதையே அவருக்கு எதிராகச் சாட்சி சொல்கிறது. மரியாவுக்கு என்ன நோய்? வறுமையும் முதுமையும். ஆன்னாவுக்கு என்ன நோய்? கணவன் மீது அன்பு. நோயுற்றிருந்தது அவர்களை விசாரித்தவர்களின் உள்ளம். அதனை மறந்து, பழைய பெயரை அழித்துவிட்டுப் புதுப் பெயரைப் பெண்ணின் நெற்றியில் எழுதுகிறது இப்பகுதி. ‘ஹிஸ்டீரியா’ என்னும் அந்தப் பெயரையே பின்னாளில் மருத்துவ உலகம் கைவிட்டுவிட்டது.

இவ்வளவு சொன்னபின்னும் ஏழாம் பகுதியை முற்றாகத் தள்ளிவிட நமக்கு மனம் வரவில்லை. காரணம் நம் மண்ணிலேயே இருக்கிறது. 2001ஆம் ஆண்டு ஆகஸ்ட் 6ஆம் நாள், இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில், மனநோயாளிகளைத் தங்க வைத்திருந்த தனியார் கொட்டகை ஒன்றில் தீப்பற்றியது. சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்ததால் ஓட இயலாமல் 28 பேர் மாண்டனர். அவர்களை அங்கே கொண்டு வந்து விட்டவர்கள் கொடியவர் அல்லர். நோய் தீரும் என்று நம்பிய தாய்மாரும் தந்தைமாரும் உடன்பிறந்தாருமே. ஜின் பிடித்தது, செய்வினை வைத்தார்கள், பேய் அண்டியது என்று சொல்லி மருத்துவரிடம் போக வேண்டியவரைச் சங்கிலியில் கட்டுவது நம்மிடையேயும் நடந்தது. மறைவானவற்றை நம்புவது நம் ஈமானைச் சேர்ந்தது. மருத்துவம் செய்துகொள்ளுமாறு நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் பணித்ததும் நம் மார்க்கத்தைச் சேர்ந்ததே. முன்னதைச் சாக்காக்கிப் பின்னதைக் கைவிட எவருக்கும் உரிமையில்லை. கிறிஸ்டென்சனின் வாதம் குறைபாடுடையது. அவருடைய கவலையோ இன்னும் தேவைப்படுகிறது.

அவர் வாதத்தினும் உயர்ந்த ஓரிடத்தையும் குறிப்பிட வேண்டும். மரியாவாக நடித்த மூதாட்டி தொழில்முறை நடிகை அல்லர். படப்பிடிப்பின் இடைவேளையில் அவர் இயக்குநரிடம், ஷைத்தான் இருப்பது உண்மை, தம் படுக்கையருகே அவன் உட்கார்ந்திருந்ததைத் தாமே கண்டதாகக் கூறினாராம். இதனைக் கிறிஸ்டென்சன் மறைக்காமல் படத்திலேயே எழுதிக் காட்டியிருக்கிறார். அவர் நகைக்கவில்லை, மறுக்கவுமில்லை. சுருக்கம் விழுந்த அந்த முகத்தை மட்டும் நீண்ட நேரம் காட்டுகிறார். இருளிலிருந்து பாதி எழுந்த அம்முகத்தைப் போல மனித முகம் காட்டப்பட்ட இடங்கள் திரைக்கலையில் மிகச் சில.

பிற்காலம்

‘ஹெக்சன்’ செலவிட்ட பொருளை மீட்டுத் தரவில்லை. அதன்பின் கிறிஸ்டென்சனுக்கு அத்தகைய சுதந்திரம் ஒருபோதும் வாய்க்கவில்லை. ஜெர்மனிக்குச் சென்றார். அங்கே 1924இல் டிரையர் இயக்கிய ‘மிக்கேல்’ என்னும் படத்தில், தாம் வளர்த்த இளைஞனாலேயே கைவிடப்படும் முதிய ஓவியராக நடித்தார். பெருமிதமும் தனிமையும் ஒருங்கே தெரியும் அந்த நடிப்பு, மற்றொருவர் படத்தில் அவர் தந்த சிறந்த நடிப்பாகும். பின்னர் ஹாலிவுட் அழைத்தது. 1926இல் ‘ஷைத்தானின் சர்க்கஸ்’, 1927இல் லான் சேனி நடித்த ‘ஏளனம்’, 1929இல் ‘ஷைத்தானை நோக்கி ஏழு அடிகள்’ முதலிய படங்களை இயக்கினார். அங்கே அவர் எடுத்தவற்றுள் சில தொலைந்து போயின. எஞ்சியவற்றில் கைத்திறன் உண்டு, கேள்வி இல்லை. பேய்வீடும் ஷைத்தானும் அங்கே திடுக்கிட வைத்துச் சிரிக்க வைக்கும் விளையாட்டுப் பொருள்களாகிவிட்டன.

தாயகம் திரும்பிய அவர், பேசும்படக் காலத்தில் நோர்டிஸ்க் நிறுவனத்துக்காக நான்கு படங்கள் இயக்கினார். 1939இல் வந்த ‘மணவிலக்கின் குழந்தைகள்’ பெற்றோர் பிரிந்தபின் பிள்ளைகள் படும் பாட்டைப் பேசியது. 1940இல் வந்த ‘குழந்தை’ கருக்கலைப்பைப் பற்றியது. சமுதாயக் கவலை மீண்டும் தலைகாட்டிய படங்கள் இவை. 1942இல் எடுத்த கடைசிப்படம் தோல்வியுற்றது. அதன்பின் கோபன்ஹேகனின் புறநகர் ஒன்றில் ‘ரியோ’ என்னும் திரையரங்கை நடத்தும் உரிமம் அவருக்குக் கிடைத்தது. பிறர் எடுத்த படங்களை ஓட்டிக்கொண்டு எஞ்சிய காலத்தைக் கழித்து, 1959 ஏப்ரலில் மறைந்தார்.

இந்த முடிவைச் சிலர் வீழ்ச்சி என்பர். நாம் அப்படி முழுமையாகக் கருதவில்லை. எழுதுபவரும் நடிப்பவரும் இயக்குபவரும் ஒருவராக இருந்த மூன்று படங்களில் அவர் ஒரு மனிதனின் முழு மனச்சான்றோடு பேசினார். அந்த மூன்றும் பிரிக்கப்பட்டபோது பேச்சு நின்றது. குற்றம் சாட்டப்பட்டவனாக இருமுறை நடித்தவர், மூன்றாம் முறை, குற்றம் சாட்டத் தூண்டுபவனின் வேடத்தைத் தாமே ஏற்றார். அந்த வேடத்தை வேறு நடிகருக்குக் கொடுத்திருக்கலாம். பழிசொல்லும் தீமை எங்கோ வெளியிலிருந்து வருவதன்று, தம் முகத்தையே அது அணிந்து கொள்ளக்கூடும் என்று அவர் உணர்ந்திருக்க வேண்டும் என்றே நமக்குத் தோன்றுகிறது.

முதலிரு படங்களையும் வாய்ப்புக் கிடைக்கும்போது குடும்பத்தோடு பார்க்கலாம். மூன்றாவதை வயது முதிர்ந்தோர் தனித்துப் பார்த்துச் சிந்திப்பதே தக்கது. பார்க்க வாய்ப்பில்லாதோரும் அது எழுப்பும் வினாவை விட்டுவிட வேண்டியதில்லை. திருமண வீட்டிலும் இறப்பு வீட்டிலும் முற்றத்திலும் திண்ணையிலும் ஒரு பெண்ணின் பெயர் தாழ்ந்த குரலில் உச்சரிக்கப்படும்போது, கேட்பவர்களுள் ஒருவரேனும் ‘இதற்குச் சாட்சி யார்?’ என்று கேட்டுவிட்டால், அந்தச் சொல் அந்த வாசலைத் தாண்டாது. ஆன்னாவின் வீட்டில் அப்படிக் கேட்க ஒருவரும் இருக்கவில்லை.